நிலம் எங்களுடையது, லாரியில் ஏறிய மணல்?

"சிக்கு, உங்கள் எல்லைக் கல் குழிக்குள் விழுந்து கிடக்கிறது. என் வரப்பும் பின்னாலேயே போய்விடும் போலிருக்கிறது. நேரம் கிடைத்தால் வந்து பாருங்கள்."

2018ஆம் ஆண்டு செப்டம்பர் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, பக்கத்து நிலத்துப் பாக்சிக் (மலாய்ப் பெரியவர், மாமா என்பது போல அப்படி அழைப்போம்) தொலைபேசியில் சொன்னது இவ்வளவுதான். நான் தமிழ்ப்பள்ளி ஆசிரியை என்பதால் என்னை எப்போதும் 'சிக்கு', மலாயில் ஆசிரியர், என்றுதான் அழைப்பார். குரலில் கோபமே இல்லை. அவர் திட்டியிருந்தால் எனக்குச் சற்று ஆறுதலாக இருந்திருக்கும்.

மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில் உள்ள பட்டர்வொர்த்திலிருந்து அரை மணி நேரத்தில் நிலத்துக்குப் போய்ச் சேர்ந்தேன். அப்பாவின் இரண்டரை ஏக்கரில் தென்னைகள் நின்ற மேற்குப் பக்கம் வெறும் வானமாகத் தெரிந்தது. கிட்டப் போனதும் கால் தானாக நின்றுவிட்டது. 100 அடி நீளம், 80 அடி அகலம், 15 அடி ஆழம் என்று பின்னால் அளந்து சொன்னார்கள். அன்று என் கண்ணில் பட்டது செங்குத்தாக வெட்டிய வெள்ளை மணல் சுவரும் அடியில் தேங்கிய பச்சைத் தண்ணீரும்தான். சுவரின் நடுவிலிருந்து பாக்சிக்கின் வயல் தண்ணீர் நூல் நூலாகக் கசிந்து இறங்கியது. கசிந்த இடமெல்லாம் மணல் பிடி பிடியாக உதிர்ந்து விழுந்தது. எல்லைக் கல் தலைகீழாகப் பாதி தண்ணீருக்குள் கிடந்தது. மேலே வயலில் பொதி கட்டியிருந்த நெல், அந்த ஓரத்தில் மட்டும் பத்தடி அகலத்துக்கு மஞ்சள் பூத்திருந்தது.

அண்ணன் வெட்டுண்ட தென்னை மரத்தின் மேல் உட்கார்ந்திருந்தார். "மீன் குளம் வெட்டித் தருகிறேன் என்றுதானம்மா சொன்னான்" என்றார். அதற்கு மேல் அவராலும் பேச முடியவில்லை, என்னாலும் கேட்க முடியவில்லை.

அப்பா தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். 1974இல், சீட்டுப் பணத்தையும் அம்மாவின் மாட்டுப்பால் காசையும் சேர்த்து இந்த நிலத்தை வாங்கினார். பினாங்கின் பெருநிலப் பகுதியான செபராங் பிறையில் நம்மவர்கள் பலரிடம் இப்படி ஒரு துண்டு நிலம் உண்டு. பிள்ளைகள் கோலாலம்பூர், ஜொகூர் என்று போய்விடுவார்கள். நிலம் யாரோ ஒரு அண்ணனின் பார்வையில் இருக்கும். கிராண்டு, அதாவது நில உரிமைப் பத்திரம், பீரோவுக்குள் ஒரு பிளாஸ்டிக் உறையில் தூங்கும். எங்கள் வீட்டிலும் அப்படித்தான். அப்பா இறந்த பிறகு நில அலுவலகத்தில் சிறு சொத்துப் பங்கீட்டு விசாரணை முடிந்து, அண்ணன், நான், கோலாலம்பூர் செந்தூலில் இருக்கும் தம்பி என்று மூன்று பேர் பெயரும் கிராண்டில் ஏறின. அதோடு சரி. அந்தத் தாளை அதன் பிறகு நாங்கள் வெளியே எடுத்ததே இல்லை.

எங்கள் நிலத்தில் மணல் இருப்பது எங்களுக்குத் தெரியாது, குளம் வெட்டித் தருவதாக வந்தவனுக்குத் தெரிந்திருந்தது. செபராங் பிறையில் பெர்மாத்தாங் பாவ், பெர்மாத்தாங் திங்கி என்று 'பெர்மாத்தாங்' ஒட்டிய ஊர்ப்பெயர்கள் வரிசையாக வரும். அந்தச் சொல்லுக்கு மேட்டு நிலம் என்று பொருள். ஒரு காலத்தில் கடற்கரையாக இருந்து, கடல் பின்வாங்கியபோது வரிவரியாக நின்றுபோன மணல் மேடுகள் அவை. மேட்டில் வீடும் தென்னையும், இரண்டு மேடுகளுக்கு நடுவே தாழ்ந்த இடத்தில் நெல் வயல். எங்கள் தென்னை மேட்டிலும் பாக்சிக்கின் நெல் பள்ளத்திலும் இருந்ததற்குக் காரணம் இதுதான். குழந்தையிலிருந்து அந்த மண்ணில் விளையாடியிருக்கிறேன். கால் புதையும் மண், ஊற்றிய தண்ணீரை உடனே குடித்துவிடும் மண். அதற்கு ஒரு விலை இருக்கும் என்று எங்களில் யாரும் எண்ணிப் பார்த்ததில்லை.

அண்ணன் கையெழுத்திட்ட தாளைப் பிறகு பார்த்தேன். மலாயில் ஒரே பக்கம். நிலத்தைத் துப்புரவு செய்து கெளுத்தி மீன் வளர்க்க ஒரு குளம் வெட்டித் தருவது, செலவு முழுவதும் வேலையை எடுத்த குத்தகையாளருடையது, 'மிகுதியான மண்ணை' அவர் எடுத்துக்கொள்வது, நில உரிமையாளருக்கு 8,000 வெள்ளி (ரிங்கிட்) கொடுப்பது. எத்தனை அடி ஆழம், எல்லையிலிருந்து எவ்வளவு தள்ளி, எந்த நாளில் முடியும் என்று ஒரு வரி கூட அதில் இல்லை. பதினொரு நாள் எஸ்கவேட்டர் ஓடியது. நாளொன்றுக்கு ஏறத்தாழ 30 லாரி போனதாக எதிர்க் கடைக்காரர் சொன்னார். பன்னிரண்டாம் நாள் இயந்திரமும் ஆளும் காணவில்லை. தொலைபேசி எண்ணும் சில வாரங்களில் செத்துப்போனது.

அந்த 8,000 வெள்ளியை வாங்கியது தவறு என்று அண்ணன் அன்று நினைக்கவில்லை. உண்மையைச் சொன்னால் நானும் நினைக்கவில்லை. நம் நிலம், நம் மண், யாருக்கோ விற்றோம், ஏமாற்றப்பட்டோம் என்றுதான் நினைத்தேன். நவம்பரில் மாவட்ட நில அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தபோதுதான், ஏமாந்தவர்களாக அல்ல, நிபந்தனையை மீறியவர்களாக நாங்கள் அங்கே பதிவாகியிருக்கிறோம் என்று தெரிந்தது.

கடிதத்தோடு இணைத்திருந்தது பாரம் 7ஏ. நிலத்தின் பயன்பாட்டு நிபந்தனை மீறப்பட்டிருக்கிறது, மூன்று மாதத்துக்குள் சரிசெய்ய வேண்டும் என்ற அறிவிப்பு. பெயர் கண்ட இடத்தில் மூன்று பேர் பெயரும் இருந்தன. தம்பி கோலாலம்பூரிலிருந்து கொதித்துப் போய் அழைத்தான். "நான் கையெழுத்துப் போடவே இல்லையே அக்கா, என் பெயர் எப்படி வரும்?" எனக்கும் அதே நியாயம்தான் தோன்றியது. பிறை பக்கத்தில் இருக்கும் ஒரு வழக்கறிஞர், என் பழைய மாணவியின் கணவர், அதைப் பொறுமையாக விளக்கினார். அந்த அறிவிப்பு நிலத்தின் மேல் வருவது. யார் கையெழுத்திட்டார், யார் பணம் வாங்கினார் என்பது எங்களுக்குள் இருக்கும் கணக்கு. 7ஏ சொல்வதைச் செய்யாவிட்டால் அடுத்து 7பி வரும், நிலத்தை ஏன் பறிமுதல் செய்யக் கூடாது என்று விசாரணைக்கு அழைப்பார்கள். பறிமுதலானால் மூன்று பங்கும் சேர்ந்தே போகும். அதன் மேல் உள்ள வீடும் மரமும் இழப்பீடு இல்லாமல் மாநில அரசுக்குச் சேரும். அந்த வார்த்தையைக் கேட்டபோது அம்மா பக்கத்தில் இல்லை என்பதற்காக நன்றி சொல்லிக்கொண்டேன்.

அன்று மாலை அவர் எங்களை மேசையில் உட்காரவைத்து, கிராண்டை விரித்து, விரலை வைத்து வரி வரியாகப் படித்துக் காட்டினார். 44 ஆண்டுகளில் எங்கள் குடும்பத்தில் யாரும் அப்படி அதைப் படித்ததில்லை. அதனால் அதை இங்கே விரிவாகவே எழுதுகிறேன். உங்கள் வீட்டுக் கிராண்டையும் எடுத்து வைத்துக்கொண்டு படியுங்கள்.

முதல் பக்கத்தில் மூன்று இடங்களைப் பார்க்க வேண்டும். 'கத்தெகோரி' என்று தொடங்குவது நிலப் பயன்பாட்டு வகை. தேசிய நிலச் சட்டத்தின் 52ஆவது பிரிவின்படி வகைகள் மூன்றே: விவசாயம், கட்டடம், தொழில். அடுத்தது 'ஷாராட் ஞாத்தா', அதாவது எழுத்திலேயே வைத்த நிபந்தனை. இன்ன பயிர், இன்ன கட்டடம் என்று அங்கே குறித்திருப்பார்கள். எங்களுடையதில் தென்னை என்று இருந்தது. மூன்றாவது 'செக்காத்தான் கெபெந்திங்ஙான்', விற்கவோ அடமானம் வைக்கவோ அனுமதி வேண்டுமா என்பதைச் சொல்லும் தடை. வகை என்ற இடத்தில் எதுவும் எழுதாத பழைய கிராண்டுகளும் இருக்கின்றன. 1966 ஜனவரி 1ஆம் தேதி தேசிய நிலச் சட்டம் நடைமுறைக்கு வருவதற்கு முன்பே வழங்கப்பட்ட நிலங்களில் இதைப் பார்க்கலாம். எழுதவில்லை, ஆகவே என்ன வேண்டுமானாலும் செய்யலாம் என்று சிலர் சொல்வார்கள், நம்பிவிடாதீர்கள். அப்படிப்பட்ட நிலங்களுக்கென்றே 53ஆவது பிரிவு இருக்கிறது. எழுதாத இடத்தைச் சட்டமே நிரப்பிவிடுகிறது.

மணலுக்கு வருவோம். சட்டத்தின் மொழியில் அதற்குப் பெயர் 'பஹான் பத்துவான்', பாறைப்பொருள் என்று சொல்லலாம். பெயரைக் கேட்டால் கல்குவாரி நினைவுக்கு வரும். ஆனால் 5ஆவது பிரிவின் விளக்கத்தில் கல், சரளை, மணல், சாதாரண மண், செம்பூரான், களிமண், சேறு, புல்கரண், பவளம், சிப்பி, பறவை எச்சம் வரை எல்லாம் அடங்கும். 45ஆவது பிரிவுதான் எங்கள் கண்ணைத் திறந்தது. நம் நிலத்து மணலை நம் நிலத்துக்குள்ளேயே தோண்டலாம், நகர்த்தலாம், பயன்படுத்தலாம், அதற்கு அரசுக்குக் கட்டும் ராயல்டி கூட வேண்டாம். எல்லையைத் தாண்டி வெளியே கொண்டுபோகும்போதுதான் அனுமதி வேண்டும். அதாவது மேட்டை வெட்டி நம் பள்ளத்தை நிரப்பினால் ஒரு சட்டம், அதே மண் லாரியில் ஏறி வாசலைத் தாண்டினால் வேறு சட்டம். அந்த வாசலில்தான் நாங்கள் தடுக்கி விழுந்தோம்.

மீன் குளம் என்ற பேச்சு எதற்கு என்று அப்போதுதான் விளங்கியது. குளம் என்றால் விவசாயம் போலத் தோன்றும், கேட்பவருக்குத் தயக்கம் வராது. நில அலுவலகத்தில் அண்ணன் இதே வாதத்தைச் சொன்னபோது, அந்த அதிகாரி மேசையில் இருந்த புகைப்படங்களைக் காட்டி, "குளம் வெட்டியதைப் பற்றி நான் இப்போது கேட்கவில்லை, அதிலிருந்து எடுத்த மணல் எங்கே என்றுதான் கேட்கிறேன்" என்றார். அதற்குப் பதில் சொல்ல எங்களிடம் ஒரு துண்டுச்சீட்டு கூட இல்லை.

அனுமதி இல்லாமல் பாறைப்பொருளை எடுப்பதும் ஏற்றிச் செல்வதும் 426ஆவது பிரிவின் கீழ்க் குற்றம். அதற்கான அபராதம் 5 லட்சம் வெள்ளி வரை, சிறை 5 ஆண்டு வரை போகலாம். லாரியையும் இயந்திரத்தையும் பறிமுதல் செய்யலாம். எங்கள் மேல் குற்றவியல் வழக்கு வரவில்லை. நாங்கள் மறைக்காமல் பேசியதும், சரிசெய்ய உடனே இறங்கியதும் அதற்குக் காரணமாக இருக்கலாம் என்று வழக்கறிஞர் கருதினார். ஆனால் அந்த இரண்டு மாதம் அண்ணன் இரவில் தூங்கவில்லை. அண்ணி ஒருநாள் என்னிடம் தனியாக, "அவர் முற்றத்தில் லாரி சத்தம் கேட்டாலே எழுந்து உட்கார்ந்துவிடுகிறார்" என்று சொல்லி அழுதார்.

எங்களுடைய பெரிய தவறுகளில் ஒன்று போலீஸ் புகாரைத் தாமதித்தது. பாக்சிக் அழைத்த அன்றே குத்தகையாளர் மீது புகார் கொடுத்திருக்க வேண்டும். அவமானம் என்று நினைத்து ஆறு வாரம் தள்ளிப்போட்டோம். அந்தத் தாமதமே விசாரணையில் கேள்வியானது: ஆள் உங்களை ஏமாற்றினான் என்றால் ஏன் பேசாமல் இருந்தீர்கள்? அதற்கு மாறாக, நான் முதல் நாளே தேதியோடு படம் எடுத்து வைத்தது பெரிதும் உதவியது. எல்லைக் கல் கிடந்த நிலை, நீர் கசிந்த இடம், லாரிச் சக்கரத்தடம் போன திசை எல்லாம் அதில் இருந்தன. உங்களுக்கு இப்படி நேர்ந்தால் முதலில் அழாதீர்கள், படம் எடுங்கள், நிலையத்துக்குப் போங்கள். பிறகு அழலாம்.

குத்தகையாளர் மீது வழக்குப் போடலாமா என்று கேட்டோம். ஒப்பந்த வழக்குக்கு ஆறு ஆண்டு கால அவகாசம் இருக்கிறது, தொகை ஒரு லட்சம் வெள்ளிக்குள் என்றால் மாஜிஸ்திரேட் நீதிமன்றமே போதும். ஆனால் வழக்கறிஞர் அந்த ஒரு பக்கத் தாளை மடித்து அண்ணன் கையில் கொடுத்துவிட்டு, இதை வைத்துக்கொண்டு நீதிமன்றம் போவது ஆபத்து என்றார். 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 24ஆவது பிரிவின்படி, சட்டத்துக்குப் புறம்பான நோக்கம் கொண்ட ஒப்பந்தம் செல்லாது. அனுமதி இல்லாமல் மணல் விற்க நாமே செய்துகொண்ட ஏற்பாட்டைக் காட்டி, பேசிய பணத்தைக் கொடு என்று கேட்க முடியாது. இதைத் திரும்பத் திரும்பச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் என்னிடம் ஆலோசனை கேட்கும் எல்லாரும் "ஆனால் எழுதி வாங்கியிருக்கிறோமே" என்கிறார்கள். எழுதி வாங்குவது முக்கியம்தான். என்ன எழுதினோம் என்பது அதைவிட முக்கியம். அனுமதி எண் இல்லாத மணல் ஒப்பந்தம் நம்மைக் காப்பாற்றாது, நமக்கு எதிரான சாட்சியாகத்தான் நிற்கும்.

பாக்சிக் நினைத்திருந்தால் எங்கள் மீதே வழக்குப் போட்டிருக்கலாம். அதற்கு அவருக்கு உறுதியான உரிமை இருந்தது. தேசிய நிலச் சட்டத்தின் 44ஆவது பிரிவு, ஒருவரின் நிலத்தை அதன் இயற்கை நிலையில் அண்டை நிலம் தாங்கி நிற்க வேண்டும் என்பதை உரிமையாகவே சொல்கிறது. என் நிலத்தில் நான் தோண்டுவதால் உங்கள் நிலம் சரியக் கூடாது. சட்டப் புத்தகத்தில் அந்த வரியைப் படித்தபோது எனக்கு அந்த மஞ்சள் பூத்த நெல்தான் கண்முன் வந்தது. அவர் கேட்காமலேயே, அந்தப் போக விளைச்சலுக்காக 2,500 வெள்ளி கொடுத்தோம். வாங்க மறுத்தார். பிறகு வாங்கிக்கொண்டு, அதில் 500 வெள்ளியைத் தனியே எடுத்து, "எல்லைக் கல் நடுவதற்கு என் பங்கு" என்று அண்ணன் பையில் வைத்தார். கல் இரண்டு நிலத்துக்கும் பொது என்பது அவர் எண்ணம்.

அந்தக் கல்லை நாமாக எடுத்து நட்டுவிட முடியாது. எல்லைக் கல்லை அசைப்பதே குற்றம். உரிமம் பெற்ற நில அளவையாளர் வந்து, பழைய அளவைப் படத்தைப் பார்த்து மீண்டும் அளந்து நட வேண்டும். அதற்கு ஒரு தனிச் செலவு.

குழியை முழுதாக நிரப்பச் சொன்னது அறிவிப்பு. நிரப்புமண் ஒரு லாரி 220 வெள்ளி. போன லாரி ஏறத்தாழ 330. கணக்குப் போட்டால் 72,600 வெள்ளி, 8,000 வெள்ளி வாங்கிய ஒரு காரியத்துக்கு! வழக்கறிஞர் ஒரு பொறியாளரோடு சேர்ந்து மாற்றுத் திட்டம் கொடுத்தார். பாக்சிக்கின் பக்கம் முழுவதும் எல்லையிலிருந்து 30 அடிக்கு நிரப்பி அழுத்துவது, மற்ற கரைகளைச் சரிவாக்குவது, மிஞ்சிய பகுதியை வேலி போட்ட குளமாக விடுவது, நிரப்பிய இடத்தில் தென்னை நடுவது. பல நடைக்குப் பிறகு அது ஏற்றுக்கொள்ளப்பட்டது. நிபந்தனை மீறலுக்கான அபராதமும் கட்டினோம். மண், அளவையாளர், பொறியாளர், வேலி எல்லாம் சேர்த்து 40,000 வெள்ளியைத் தாண்டியது. அண்ணனின் ஊழியர் சேமநிதியில் மிச்சமிருந்ததில் பெரும் பகுதி அதிலேயே கரைந்தது. தம்பியும் நானும் முடிந்ததைப் போட்டோம். வேலி எதற்கு என்று ஒருவர் கேட்டார். கைவிடப்பட்ட குளங்களில் பள்ளிப் பிள்ளைகள் மூழ்கிய செய்திகளைப் படித்துவிட்டு வகுப்பறைக்குள் நுழைந்திருக்கும் எந்த ஆசிரியையும் அந்தக் கேள்வியைக் கேட்க மாட்டார்.

முடிவு பாதகமாக வந்திருந்தால், 418ஆவது பிரிவின் கீழ் மூன்று மாதத்துக்குள் உயர்நீதிமன்றத்துக்கு மேல்முறையீடு செய்ய வழி இருந்தது. அந்த மூன்று மாதம் முடிவு நமக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து ஓடத் தொடங்கும். ஆகவே எந்தக் கடிதம் எந்த நாளில் கைக்கு வந்தது என்பதை உறையோடு சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள். கிராண்டில் உள்ள முகவரி பழைய தோட்டத்து முகவரியாக இருந்தால் உடனே மாற்றிவிடுங்கள். அறிவிப்பு அங்கே போய்க் கிடந்தால் நமக்குத் தெரியாமலேயே நாள் கடந்துவிடும்.

முறையாக மணல் எடுக்க வழியே இல்லையா என்றால், இருக்கிறது. எங்கள் பெரியப்பா மகன் அதைக் கேட்டபோது நானே அவரோடு நில அலுவலகம் போய் விசாரித்தேன். மாநில அரசின் சார்பில் வழங்கப்படும் பாரம் 4சி என்ற அனுமதி வேண்டும். கிராண்டில் பெயருள்ள அனைவரின் சம்மதம், எடுக்கப்போகும் இடத்தின் வரைபடம், எவ்வளவு மணல், எந்தச் சாலை வழியாகப் போகும் என்ற விவரம் எல்லாம் கேட்கிறார்கள். கனிமம், நிலவியல் இலாகாவும் வடிகால், நீர்ப்பாசன இலாகாவும் கருத்துச் சொல்லும். பெரிய பரப்பு என்றால் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீடும் வரும். அனுமதி கிடைத்தால் ராயல்டி கட்டி, ஒவ்வொரு லாரிக்கும் உரிய சீட்டோடுதான் மணல் போக வேண்டும். மண்ணை வெட்டும் வேலைக்கு, 1974ஆம் ஆண்டு சாலை, வடிகால், கட்டடச் சட்டத்தின் 70ஏ பிரிவின்படி உள்ளூராட்சி மன்றத்தின் ஒப்புதல் தனி.

இங்கே ஒரு குழப்பத்தைத் தெளிவாக்க வேண்டும். நில வகையை மாற்றுவது வேறு, மணல் அனுமதி வேறு. விவசாயத்திலிருந்து தொழிலுக்கு மாற்ற தேசிய நிலச் சட்டத்தின் 124ஆவது பிரிவின் கீழ் மனுச் செய்து, பிரிமியம் என்ற கட்டணத்தைக் கட்ட வேண்டும். அப்படி மாற்றியதாலேயே மணலை விற்கும் உரிமை வந்துவிடாது. மணல் அனுமதி வாங்கியதாலேயே நிலத்தின் வகை மாறிவிடாது, எடுத்து முடித்த பிறகும் கிராண்டில் தென்னை என்று இருந்தால் அங்கே தென்னைதான் நிற்க வேண்டும். "கன்வர்ஷன் போட்டிருக்கிறேன், கவலைப்படாதீர்கள்" என்று ஒருவர் சொன்னால், மனுப் போட்டது வேறு, கிடைத்தது வேறு என்பதை நினைவில் வையுங்கள். சில வெள்ளி கட்டி அதிகாரப்பூர்வத் தேடல் செய்தால் பதிவேட்டில் இன்றைக்கு என்ன இருக்கிறது என்று நாமே பார்த்துவிடலாம். நிலம் மாநில அதிகாரத்துக்குள் வருவது. சிலாங்கூரில் உறவினர் செய்ததை வைத்துப் பினாங்கில் முடிவு செய்யாதீர்கள்.

டி.ஓ.எல். நிலத்தில் இருப்பவர்களுக்கு நிலைமை இன்னும் நொய்ந்தது. அது தற்காலிகக் குடியிருப்பு உரிமம் மட்டுமே. அந்த ஆண்டு டிசம்பர் 31ஐத் தாண்டாது, பிறருக்கு மாற்ற முடியாது, உரிமம் பெற்றவர் இறந்தால் அதோடு முடிந்துவிடும். நம் கோயில்கள் பல இப்படிப்பட்ட நிலத்தில் நிற்கின்றன. சென்ற ஆண்டு எங்கள் பக்கத்தில் ஒரு கோயில் நிர்வாகத்தினரிடம், மேட்டை இலவசமாகச் சமப்படுத்திக் கார் நிறுத்த இடம் செய்து தருவதாக ஒருவர் வந்திருக்கிறார், வெட்டும் மண்ணை மட்டும் அவர் எடுத்துக்கொள்வாராம். தலைவர் என் அண்ணனின் நண்பர் என்பதால் பேச்சு வாக்கில் எங்கள் காதுக்கு வந்தது. அண்ணன் எங்கள் கோப்பைத் தூக்கிக்கொண்டு அன்றிரவே போனார். வெட்கத்தையெல்லாம் விட்டு, நிர்வாகத்தினர் அத்தனை பேர் முன்னாலும் 7ஏ கடிதத்தை விரித்துக் காட்டினார். அரசு நிலத்து மண் அங்கிருந்து ஒரு லாரி வெளியே போனாலும் உரிமம் புதுப்பிக்கப்படாமல் போகலாம், அதன் பிறகு மூலவரை எங்கே கொண்டுபோய் வைப்பீர்கள் என்று கேட்டாராம்.

மணல் என்றால் ஆற்று மணலைப் பற்றித்தான் நாம் அதிகம் பேசுகிறோம். பேச வேண்டியதுதான். பினாங்கு மக்கள் குடிக்கும் தண்ணீருக்காக எடுக்கும் ஆற்றுநீரில் ஏறத்தாழ 80 விழுக்காடு மூடா ஆற்றிலிருந்து வருகிறது. அந்த ஆற்றில் மணல் அள்ளி அள்ளி ஆற்றுப் படுகை தாழ்ந்ததையும் கரைகள் சரிந்ததையும் அந்தப் பக்கத்துக் கிராமத்து மக்கள் அறிவார்கள். ஆற்று மணல் எடுப்பதற்கு வடிகால், நீர்ப்பாசன இலாகா 2009இல் வழிகாட்டி நெறிகளையே வெளியிட்டது. ஆனால் ஆற்றுக்கு வெளியே, தென்னந்தோப்புக்கு அடியில், வீட்டுக்குப் பின்னால் கிடக்கும் மணலும் அதே வேலையைத்தான் செய்துகொண்டிருக்கிறது. பக்கத்து வயலைத் தாங்குகிறது, மழைநீரைப் பிடித்து வைக்கிறது. குழி வெட்டிய பிறகு எங்கள் கிணற்றில் நீர் மட்டம் கையளவுக்கும் மேல் இறங்கியதை அண்ணிதான் முதலில் கவனித்தார். வாளிக் கயிற்றில் அவர் எப்போதும் பிடிக்கும் முடிச்சு, தண்ணீரைத் தொடாமல் நின்றது.

இப்போது வருடத்துக்கு ஒருமுறை, மே 31க்கு முன் நிலவரி கட்டும் நாளில், மூன்று பேரும் கிராண்டின் நகலை எடுத்துப் பார்க்கிறோம். பெயர், முகவரி, வகை, நிபந்தனை. பத்து நிமிட வேலை. நிலத்தைப் பற்றி யாராவது எதையாவது கேட்டு வந்தால் அன்றே மற்ற இருவருக்கும் சொல்லிவிட வேண்டும் என்பது எங்களுக்குள் பேசி வைத்த பேச்சு. வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணம் இல்லாதவர்கள், வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையம் பினாங்கில் இருக்கிறது என்பதையும் அரசாங்கச் சட்ட உதவி இலாகா இருக்கிறது என்பதையும் மறக்க வேண்டாம். 7ஏ வந்த பிறகு போவதைவிட, தாளில் கையெழுத்திடுவதற்கு முந்திய நாள் போனால் அவர்களுக்கும் வேலை எளிது.

செப்டம்பர், அக்டோபர் மழை தொடங்கினால் நான் நிலத்துக்குப் போகிறேன். நிரப்பிய மண் எவ்வளவு அழுத்தினாலும் பழைய மண் போல ஆவதில்லை. சென்ற மழைக்குப் புதிய கல்லிலிருந்து நாலு முழம் தள்ளி ஒரு விரல் அகல வெடிப்பு விட்டிருந்தது. அண்ணனும் பாக்சிக்கும் ஆளுக்கொரு பக்கம் குந்தி உட்கார்ந்து, அந்தச் சரிவு நெடுக வெட்டிவேர் நட்டுக்கொண்டிருந்தார்கள். பாக்சிக்குக்கு இப்போது முழங்கால் வலி. ஒரு வரிசை முடிந்ததும் அண்ணன் கையைப் பிடித்துத்தான் எழுந்தார்.